டிரம்ஸுக்குப் பின்னால் ஒருத்தி

— ஐயய்யோ! ஒப்பனை அறைக் கதவை உதைச்சே உடைச்சிட்டியா? அடியே தோன்யா, காலைப் பார்த்து வை, கீழ பூரா கண்ணாடிச் சில்லு. ஒப்பனைப் பெட்டி, பூச்சாடி எல்லாம் போச்சு!

— போகட்டும் ரிம்மா. இந்த டிவி நிலையமே இடிஞ்சு போகட்டும்.

— பாட்டுப் பாதியில எந்திரிச்சு வந்துட்டியா? வெளிய சத்தமே காணோமே.

— நான்தான் நிறுத்தினேன். கையில இருந்த டிரம்ஸ் குச்சியை ஒலிப்பதிவு அறைக் கண்ணாடியைப் பார்த்து வீசினேன். குறி தப்பி, ஓரமா நின்ன பனித்தாத்தா வேஷக்காரர் முதுகுல போய் விழுந்துது.

— அந்த மனுஷன் ஒண்ணும் சொல்லலையா?

— பஞ்சுத் தாடியைக் கழுத்துல இறக்கி விட்டுக்கிட்டு சிகரெட் பிடிச்சிட்டு நின்னாரு. "நல்ல காரியம் பண்ணினே மகளே"ன்னாரு. அந்த ஹால்லயே அவர் ஒருத்தருக்குத்தான் மண்டையில மூளை இருக்கு.

— நூறு பேர் மேஜை போட்டு உக்காந்திருக்காங்கடி, புது வருஷம் பிறந்துட்ட மாதிரி!

— நவம்பர் மாசம் உக்காந்திருக்காங்க! ஷாம்பேன்னு சொல்லி ஆப்பிள் சோடாவை ஊத்திக்கிட்டு, தொடக்கூடாதுன்னு சொன்ன ஆரஞ்சுப் பழத்தை முறைச்சுப் பார்த்துக்கிட்டு. பனி காகிதம். டிரம்ஸோட இருக்கற சிம்பல் தட்டு பிளாஸ்டிக். டிரம்ஸ் மேல ரப்பரை ஒட்டி வெச்சிருக்கான், ஓங்கி அடிச்சாலும் பூனை நடக்கற சத்தம்தான் வருது. இதையெல்லாம் நான் கேட்டேனா? "பதிவு பண்ணின பாட்டு ஓடும், நம்ம பிளைவுட்டு, நீ வாயை மட்டும் அசை"ன்னாங்க. சரின்னேன். பிளைவுட் போட்டு வாயசைக்காம இந்த மாஸ்கோவுல எவ புது வருஷ நிகழ்ச்சி பண்ணியிருக்கா?

— அப்புறம் என்னதான் கோபம்? என் கீபோர்டுக்கு போன வருஷம் மேலுறையைக்கூட எடுக்கல. உறை மேலயே வாசிச்சேன். ஒரு பய கண்டுபிடிக்கல.

— ரிம்மா, அது என் குரல் இல்ல.

— எது?

— ஓடின பிளைவுட்டு. பாட்டு நான் சின்ன வயசுல எழுதினது, வாய் என்னோடது, குரல் வேற எவளோடதோ. முதல் வரி வந்ததும் எனக்குக் குளிர் ஜுரம் வந்த மாதிரி ஆயிடுச்சு. ரெண்டாவது வரிக்கு என் வாய் தன்னால மூடிக்கிச்சு. கேமராக்காரன் கையைக் கையை ஆட்டறான், "திற, திற"ன்னு.

— ஸ்பீக்கர் சரியில்லாம இருந்திருக்கும்டி. நான் எதுவும் சொல்லலப்பா. எனக்கென்ன தெரியும்? இந்தப் பாட்டுல எனக்கு வேலையே இல்ல, இங்க உக்காந்து டீ குடிச்சிட்டிருக்கேன்.

— ஏன் என் மூஞ்சியைப் பார்க்க மாட்டேங்கறே?

— கண்ணாடி பொறுக்கறேன்டி. கையில குத்திக்கவா சொல்றே?

— தோன்யா! என் சூரியனே! உள்ளேதான் இருக்கியா?

— வாய்யா கிளிம், என் தயாரிப்பாளரே, வா. கதவு இல்ல, தட்ட வேண்டாம். நேரா உள்ள வா.

— சூரியனே, பொறுமை. முதல்ல உக்காரு. ரிம்மா, அவளுக்கு ஒரு கப் டீ ஊத்து. டைரக்டர் நாக்குக்கு அடியில மாத்திரை வெச்சுக்கிட்டு உக்காந்திருக்கார். பனிக்குமாரி வேஷம் போட்ட நாப்பது பொண்ணுங்க மேடையில குளிர்ல நடுங்கிக்கிட்டு நிக்குதுங்க. எல்லாருக்கும் பதினஞ்சு நிமிஷம் ஓய்வு விட்டிருக்கேன். முகத்தைத் துடைச்சுக்கோ, போய் ஒரே தடவையில முடிச்சிடலாம்.

— எவ அவ?

— எவ எவ?

— என் பாட்டைப் பாடினவ. பேரைச் சொல்லு, கிளிம்.

— நீதான் பாடினே கண்ணு. செப்டம்பர்ல நீயே ஸ்டுடியோவுக்கு வந்து பாடினே. பசங்க கம்ப்யூட்டர்ல கொஞ்சம் சுத்தம் பண்ணியிருக்காங்க. இப்பல்லாம் எல்லாருக்கும் பண்றதுதானே.

— என் காது செவிடா? ஆபரேஷன்ல தொண்டையிலதான் கத்தி வெச்சாங்க, காதுல இல்ல. செப்டம்பர்ல நான் பாடினதுல கீழ ஒரு கரகரப்பு இருந்துது. மரம் அறுக்கற மாதிரி. அது எனக்குத் தெரியும். ஆனா அது என் கரகரப்பு! இவ குரல்ல பால் வடியுது. இவளுக்கு இருவது வயசுகூட இருக்காது.

— சுத்தம் பண்ணினா வயசு குறையும், சூரியனே.

— இன்னொரு தடவை சூரியன் கீரியன்னே, மிச்சம் இருக்கற குச்சி உன் மேல பறக்கும். அன்னிக்கு நான் பாடி முடிச்சதும் நீங்க எல்லாரும் எந்திரிச்சு நின்னு கை தட்டினீங்களே. அது எதுக்கு?

— நல்லா இருந்துது, தட்டினோம்.

— நல்லா இருந்துதுன்னா ஏன் மாத்தினே? கேட்டுக்கோ ரிம்மா, கேள்வி சரிதானே?

— நான் எதுவும் சொல்லலப்பா. டீல சர்க்கரை போடவா?

— இவ ஒருத்தி! உலகம் பத்திக்கிட்டு எரியும்போது சர்க்கரை வேணுமான்னு கேப்பா. கிளிம், உன்கிட்ட ஒண்ணு கேக்கறேன். மிலேனாவை மறந்துட்டியா?

— அந்தக் கதை எதுக்கு இப்போ?

— இப்பத்தான் வேணும். நீ மறந்திருப்பே, சொல்றேன் கேளு. நான் செல்யாபின்ஸ்க்லேர்ந்து ஒரு பையும் ரெண்டு குச்சியுமா இந்த ஊருக்கு வந்து இறங்கினேன். அந்தக் கிழட்டுத் தயாரிப்பாளர் என்ன சொன்னார்? "குரல் தேன் மாதிரி இருக்கு பொண்ணே. ஆனா மூக்கு சரியில்ல, காலும் குட்டை. நீ பின்னாடி டிரம்ஸ்ல உக்காரு." முன்னாடி யாரை நிறுத்தினார்? மிலேனாவை. ஒட்டகச்சிவிங்கி மாதிரி காலு. சுதி கிலோ என்ன விலைன்னு கேப்பா.

— பாவம், நல்ல பொண்ணு அவ. எனக்கு ஒரு தடவை பூட்ஸ் குடுத்தா.

— நீ சும்மா இரு ரிம்மா. என் குரலை டேப்ல போட்டு ஓட விட்டு, அவ வாயசைச்சா. நான் அவ முதுகுக்குப் பின்னாடி உக்காந்து, என் குரலுக்கு நானே தாளம் போட்டேன். ஸ்டேடியம் ஸ்டேடியமா! ஜனங்க பூங்கொத்தோட ஓடி வருவாங்க. என்னைத் தாண்டிப் போய் அவ கையில குடுப்பாங்க. ஒரு தடவை ஒரு சின்னப் பொண்ணு என்கிட்ட வந்து, "அக்கா, இதை அந்தப் பாடற அக்காகிட்ட குடுத்துடுங்க"ன்னா. நான் வாங்கிக் குடுத்தேன், கிளிம். என் கையாலேயே குடுத்தேன்.

— தெரியும், தோன்யா. நானும் அங்கதானே இருந்தேன்.

— இருந்தே. அப்ப நீ எங்க வேனை ஓட்டின பையன். சரடோவ்ல மெஷின் டேப்பைக் கடிச்சு முழுங்கிச்சு, ஞாபகம் இருக்கா? பாட்டு பாதியில நின்னுது. மிலேனா வாயைத் திறந்தபடி மீன் மாதிரி நிக்கறா. ஸ்டேடியமே கேலி பண்ணி விசில் அடிக்குது. என் கை மட்டும் நிக்கல. அடிச்சுக்கிட்டே இருந்தேன். அப்ப ஒருத்தன் மேடைக்குப் பின்னாலேர்ந்து ஓடி வந்து என் வாய்க்கு நேரா மைக்கை நீட்டினான். யாரு அவன்?

— நான்தான்.

— "பாடு"ன்னான். பாடினேன். அன்னிக்கு ராத்திரியே மிலேனா ஊரை விட்டுப் போனா, கிழவன் நெஞ்சைப் பிடிச்சுக்கிட்டான், நான் பாடகி ஆனேன். டிரம்ஸ் அடிச்சுக்கிட்டே பாடறவ ரஷ்யாவிலயே நான் ஒருத்திதான்னு பேப்பர்க்காரன் எழுதினான். லாரிக்காரங்க என் பாட்டைப் போடாம வண்டியை எடுக்க மாட்டாங்க. எல்லாம் நீ நீட்டின மைக். அன்னிக்கு என் குரலை எனக்கு வாங்கிக் குடுத்தவன் நீ. இன்னிக்கு அதைப் பிடுங்கி இன்னொருத்தி கிட்ட குடுத்திருக்கே. உனக்கு வெக்கமா இல்ல?

— நான் பிடுங்கல.

— நடுவுல நீ பண்ணினதையும் மறக்கல நான். "சிம்பல் மறைக்குது, கேமராவுக்கு மூஞ்சி தெரியல"ன்னு என்னை முன்னாடி இழுத்து நிறுத்தினே. பின்னாடி சட்டையில்லாத ஒரு தடிப்பயலை உக்கார வெச்சே. அவனுக்குக் குச்சியைப் பிடிக்கவே தெரியாது, ஸ்பூன் மாதிரி பிடிப்பான்.

— அந்த வருஷம்தான் உன் ஆல்பம் அதிகமா வித்துது.

— வித்துது! எனக்குக் கையை எங்க வெச்சுக்கறதுன்னே தெரியல. சண்டை போட்டுத்தானே திரும்ப டிரம்ஸ்ல உக்காந்தேன்? சரி, அதெல்லாம் நமக்குள்ள. ஆனா இது வேற. இன்னொரு பொண்ணோட தொண்டையை வாங்கி என் வாயில ஒட்டறதுக்கு உனக்கு யார் அதிகாரம் குடுத்தா?

— கொஞ்சம் சத்தத்தைக் குறை. தாழ்வாரம் பூரா ஆளுங்க. அதோ, பத்திரிகைக்காரங்க வேற டீ குடிச்சிட்டு நிக்கறாங்க.

— நல்லதாப் போச்சு. கூப்பிடு.

— தோன்யா!

— இருங்க, இருங்க ரெண்டு பேரும். சுவத்து ஸ்பீக்கர்ல கேக்குதா? வெளிய லைட் சரி பார்க்கறதுக்காகத் திரும்ப ஓட விடறாங்க.

— ரிம்மா, அதை அணைச்சுடு.

— யாரும் தொடக்கூடாது! நான் கேக்கணும். கிளிம், நகராதே. நின்ன இடத்துல நில்லு.

— இது எதுக்குத் தோன்யா...

— ஷ்ஷ்! ... கேளு. "கறுப்புப் பனியில வெள்ளைக் கையுறை"ன்னு எடுக்கறா பார். எடுக்கும்போதே பயப்படறா. குளிர்ந்த தண்ணில கால் வைக்கற மாதிரி. நான் செப்டம்பர்ல இப்படி எடுக்கல. கம்ப்யூட்டர் கத்துக் குடுக்குமா இதை? சொல்லு கிளிம், கம்ப்யூட்டருக்குப் பயப்படத் தெரியுமா? ரிம்மா, நீ கேளு. இந்த வரி முடியற இடம். இங்க நீட்டணும். அவ நீட்டல. வெட்டிட்டா. மூச்சு இல்லாம வெட்டல, மூச்சு நிறைய இருக்கு. வேற எதுக்கோ வெட்டறா. ... மறுபடியும்! அதே இடத்துல. ... ஐயோ.

— என்னடி?

— ஐயோ ரிம்மா. இவ கை சும்மா இல்ல.

— என்ன சொல்றே?

— ஒண்ணு, ரெண்டு, மூணு... இங்க வெட்டறா. நாலுல ரெண்டு கையும் சேர்ந்து இறங்கணும். கை இறங்கும்போது வயிறு இறுகும், குரல் தானா அறுந்துடும். நின்னுக்கிட்டுப் பாடறவளுக்கு இது வராது. கிட்டார் வாசிக்கறவளுக்கும் வராது. இவ டிரம்ஸ்ல உக்காந்துக்கிட்டுப் பாடறா! கிளிம்! நீ இன்னொருத்தியைக் கண்டுபிடிச்சிட்டே!

— அப்படி இல்ல.

— டிரம்ஸ் அடிக்கிறவ, பாடறவ, சின்னப் பொண்ணு. இப்பப் புரியுது! முதல்ல குரலை என் மூஞ்சிக்குக் கீழ ஒட்டுவே. ஜனங்க காது பழகிடும். வசந்தத்துல மூஞ்சியையும் மாத்திடுவே. பழைய தோன்யாவுக்குத் தொண்டை போச்சு, இதோ புதுத் தோன்யா! அந்தக் கிழவனாவது என் மூஞ்சியை மட்டும்தான் மறைச்சான். நீ என்னை மொத்தமாக் கழட்டி எறியறே.

— நான் உன்னை எறியறேனா? ஆபரேஷன் முடிஞ்சு நீ மூணு மாசம் பேசக்கூடாதுன்னப்ப, உன் சமையல்கட்டுல உக்காந்து சிலேட்டுல எழுதி எழுதி உன்கூடச் சண்டை போட்டது யாரு? என் பொண்டாட்டி கேட்டா, "அவ பேசக்கூடாது, நீ ஏன்யா எழுதறே?"ன்னு. நான் எறியறேனா?

— அப்ப ஏன்? ஏன் கிளிம்?

— கேக்காதே.

— கேப்பேன்.

— சரி, கேட்டுக்கோ. செப்டம்பர்ல நீ பாடினது சரியில்ல. மேல போற இடமெல்லாம் உடைஞ்சுது. பசங்க எவ்வளவோ பார்த்தாங்க. ஒட்டிப் பார்த்தாங்க, இழுத்துப் பார்த்தாங்க. உயிர் இல்ல. நாங்க கை தட்டினது உன் பாட்டுக்கு இல்ல. பாடி முடிச்சிட்டு நீ சிரிச்சே பாரு, ஒரு வருஷத்துக்கு அப்புறம் முதல் தடவையா, அந்தச் சிரிப்புக்குத் தட்டினோம்.

— தோன்யா? டீயைக் குடிடி. ஆறிடப் போகுது.

— அதை என்கிட்ட சொல்றதுக்கு உங்களுக்கு வாய் இல்லையா? ஏன், என்னைக் கண்ணாடின்னு நினைச்சீங்களா, சொன்னா உடைஞ்சிடுவேன்னு? நான் ஆலைத் தெருவுல வளர்ந்தவ! "தொண்டை போயிடுச்சு, தோன்யா"ன்னு மூஞ்சிக்கு நேரா சொல்லியிருந்தா, ரெண்டு நாள் அழுதுட்டு மூணாவது நாள் வந்து வெறும் டிரம்ஸ் வாசிச்சிருப்பேன். இப்படித் திருட்டுத்தனமா ஒரு பொண்ணை...

— நிகழ்ச்சி போச்சுன்னா உன் பேரும் போச்சுன்னு நினைச்சேன். புது வருஷ ராத்திரி எல்லா வீட்லயும் டிவி ஓடும். ஒரு வருஷமா உன்னை யாரும் பார்க்கல. அன்னிக்கு நீ திரையில இல்லேன்னா, அடுத்த வருஷம் "தோன்யாவா, எந்தத் தோன்யா?"ன்னுதான் கேப்பாங்க.

— கேக்கட்டும்! அந்தப் பொண்ணுக்குத் தெரியுமா?

— எந்தப்... ஆமா. தெரியும்.

— ஒத்துக்கிட்டாளா?

— ஒத்துக்கிட்டா. அவளுக்குப் பேரெல்லாம் வேண்டாமாம். வெளியூர்ப் பொண்ணு. ஒரு ஆசைக்குப் பாடினா, அவ்வளவுதான்.

— பேர் வேண்டாமாம்! கேட்டுக்கோ ரிம்மா! நானும் அந்தக் கிழவன்கிட்ட அப்படித்தான் சொன்னேன். "பேர் வேண்டாம் ஐயா, என்னை மேடையில உக்கார விட்டாப் போதும்." அந்த வயசுல வேற என்ன சொல்லத் தெரியும்? பசியா இருக்கறவ பட்டியல் பார்த்தா சாப்பாடு கேப்பா?

— இப்ப என்ன பண்ணணுங்கறே? காதுல மாட்டின கருவியில டைரக்டர் கத்திக்கிட்டே இருக்கார்.

— ரொம்பச் சுலபம். அவளைக் கூட்டிக்கிட்டு வா.

— எங்க?

— இங்க. இந்த ஹாலுக்கு. ராத்திரி ரயிலோ விமானமோ, எதுலயாவது ஏத்து. ஷூட்டிங்கை நாளைக்குத் தள்ளு. அவ மைக் முன்னாடி நிக்கட்டும். திரையில அவ பேர் வரட்டும், முழுப் பேரும், அப்பா பேரோட. நான் அவளுக்குப் பின்னாடி உக்காந்து டிரம்ஸ் வாசிக்கறேன். ரப்பரை எல்லாம் பிச்சு எறிஞ்சுட்டு, நிஜமா வாசிக்கறேன்.

— உனக்குப் பைத்தியமா? நீயே உன்னைப் பின்னாடி தள்ளிக்கறியா?

— பின்னாடி உக்கார்றது எனக்குக் கேவலமா? அதுதான்யா என் இடம். மத்தவ குரலை என் குரல்னு சொல்லிக்கிட்டு முன்னாடி உக்கார்றதுதான் கேவலம். அவ வந்தா வாசிப்பேன். வரலேன்னா, இப்பவே போய் அந்த நூறு மேஜைக்கும் சொல்லுவேன். "ஜனங்களே, நீங்க குடிக்கறது சோடா, நீங்க கேட்டது திருட்டுக் குரல்"ன்னு. பத்திரிகைக்காரன் தாழ்வாரத்துலேயே நிக்கறான். தேடிப் போகக்கூட வேண்டாம்.

— அவளைக் கூட்டிக்கிட்டு வர முடியாது, தோன்யா.

— ஏன் முடியாது?

— முடியாதுன்னா முடியாது.

— அப்ப நான் போறேன். வழியை விடு, கிளிம்.

— தோன்யா, நில்லு! உன் காலைப் பிடிச்சுக் கேக்கறேன், போகாதே. ரிம்மா, நீயாவது ஏதாவது சொல்லேன்!

— நான் எதுவும்...

— சொல்லலப்பான்னு சொல்லாதே இன்னொரு தடவை! இவ்வளவு நேரமும் குனிஞ்சு கண்ணாடி பொறுக்கறே. அந்தச் சில்லெல்லாம் எப்பவோ கூடையில போட்டாச்சு. வெறும் தரையைத்தான் தடவிக்கிட்டிருக்கே. நிமிரு. நிமிர்ந்து என்னைப் பாரு ரிம்மா.

— திட்ட மாட்டேன்னு சொல்லு.

— திட்டுவேன். சொல்லு.

— அந்தக் குரலை கிளிம்கிட்ட குடுத்தது நான்தான்.

— நீ?

— அவரைத் திட்டாதேடி. அவருக்கு அந்த யோசனையே இல்ல. ஸ்டுடியோவுல தலையில கை வெச்சுக்கிட்டு உக்காந்திருந்தாரு. நான்தான் சொன்னேன், எனக்கு ஒருத்தியைத் தெரியும்னு.

— ரிம்மா. நீயும் நானும் ஒரே ஹாஸ்டல் ரூம்ல, ஒரே கம்பளியைப் போத்திக்கிட்டுத் தூங்கினவங்கடி. மிலேனா முன்னாடி ஆடினப்பல்லாம் நான் ராத்திரி யார் மடியில விழுந்து அழுதேன்? உன் மடியில! அந்த வலி எப்படி இருக்கும்னு இந்த உலகத்துல தெரிஞ்ச ஒரே ஆளு நீதான். தெரிஞ்சே இன்னொரு பொண்ணுக்கு அதைப் பண்ணியிருக்கியே! வாசிக்கும்போது உறையை எடுக்காம இருந்தே, பரவால்ல. மனசுக்கும் உறை போட்டுட்டியா?

— திட்டு. நல்லாத் திட்டு. நான் வாங்கிக்கறேன்.

— ரிம்மா, வேண்டாம், இதுக்கு மேல...

— இல்ல கிளிம். இவ அந்த ஹாலுக்குப் போயிடுவா. இவளை எனக்குத் தெரியும்.

— எந்த ஊர்க்காரி அவ?

— செல்யாபின்ஸ்க்.

— நம்ம ஊரா!

— நம்ம ஊருதான். ஆலைத் தொழிலாளர் மன்றத்துலதான் பாடினா. கீழ ஹால்ல, அந்த ஓரத்து அறையில.

— அந்தக் குளிர் அறையிலயா? அங்க ஜன்னல் கண்ணாடியே கிடையாதேடி, அட்டை வெச்சு அடைச்சிருப்பாங்க. விரல் மரத்துப் போகும், குச்சி நழுவும். நாம கையுறையோட வாசிப்போமே. அங்க உக்காந்துக்கிட்டா இப்படிப் பாடினா?

— அங்கதான்.

— அதான் எடுக்கும்போதே அந்த நடுக்கம். பயம்னு நினைச்சேன். குளிர்! ... கிளிம், நீயும் கேட்டுக்கோ. அவ குரலைப் பத்தி நான் முதல்ல என்னென்னமோ சொல்லிட்டேன். பால் வடியுதுன்னேன். அது கோபத்துல சொன்னது. அவ என்னைவிட நல்லாப் பாடறா. செப்டம்பர்ல பாடின என்னைவிட மட்டும் இல்ல, நான் நல்லா இருந்த காலத்தைவிடவும் நல்லா இருக்கு. நான் எழுதின பாட்டு எப்படிக் கேக்கணும்னு மனசுல நினைச்சேனோ, அப்படியே பாடியிருக்கா. அதுக்காகவே அவளை மறைக்கறது பாவம்.

— தோன்யா...

— அழாதே ரிம்மா. அழ வேண்டியவ நான். சொல்லு, அவளுக்கு ஆள் இருக்காங்களா? அப்பா, அம்மா?

— அம்மா மட்டும்தான். ஆலையில கிரேன் ஓட்டினாங்க.

— என் அம்மா மாதிரியே. பாவம், வீட்ல திட்டுவாங்க, "பொம்பளைப் பிள்ளைக்கு எதுக்குடி டிரம்ஸு"ன்னு. எனக்குத் தெரியாதா? அவ பாடி முடிச்சதும் பக்கத்துல இருந்தவங்க ஒரு வார்த்தையாவது சொன்னீங்களா? எவ்வளவு நல்லாப் பாடறான்னு அவளுக்கு யாராவது சொன்னீங்களா, ரிம்மா?

— யாரும் சொல்லலடி. பாடி முடிச்ச கையோட ஒரு பையும் ரெண்டு குச்சியும் எடுத்துக்கிட்டு நீ மாஸ்கோ ரயிலைப் பிடிக்க ஓடிட்டே. எங்க அண்ணன் பதிவு பண்ணின டேப்பை ஒரு தடவை போட்டுக் கேக்கக்கூட நீ நிக்கல.